டாங்கிக்குப் புது சைலன்சர்

எங்கள் காருக்கு டாங்கி என்று பெயர் வைத்தவன் என் தங்கச்சி புருஷன். ராணுவ டாங்கி செய்கிற தொழிற்சாலை இருப்பதால் ஆவடிக்காரர்களுக்கு நிஜ டாங்கியின் சத்தம் பழக்கம். சோதனை ஓட்டத்துக்கு அதை வெளியே எடுத்தால் சேக்காட்டில் எங்கள் வீட்டு அலமாரியில் டம்ளர்கள் ஒன்றையொன்று முட்டிக்கொள்ளும். எங்கள் பழைய அம்பாசடர் அந்த அளவுக்குப் போகாது. ஆனால் சைலன்சர் துருப்பிடித்து ஓட்டை விழுந்த பிறகு கிட்டத்தட்ட அதன் உறவுக்காரன் ஆகிவிட்டது. நான் தெருமுனையில் திரும்பும்போதே வீட்டில் என் மனைவி தோசைக்கல்லை அடுப்பில் போட்டுவிடுவாள்.

மாப்பிள்ளையும் நானும் சேர்ந்து வாங்கிய வண்டி அது. ஆவடி கேம்ப்பிலிருந்து மாற்றலாகிப் போன ஓர் அதிகாரி விற்றுவிட்டுப் போனார். ஞாயிற்றுக்கிழமைகளில் கல்யாணத்துக்கும் கோயிலுக்கும் வாடகைக்கு ஓட்டலாம் என்பது எங்கள் யோசனை. மற்ற நாட்களில் நாங்கள் லேத் ஓட்டுகிறவர்கள். அம்பத்தூர் தொழிற்பேட்டையில், மண்ணூர்பேட்டையை ஒட்டி, பம்புக்கு ஷாஃப்ட் கடைந்து கொடுக்கும் ஒரு கம்பெனி. நான் அங்கே பழைய ஆள், நிரந்தரத் தொழிலாளி. அவனை உள்ளே சேர்த்துவிட்டதும் நான்தான். பக்கத்து மெஷினில் நின்றான். என் டிபன் பாக்ஸில் அவனும் அவன் டிபன் பாக்ஸில் நானும் சாப்பிட்டுப் பழகி, கடைசியில் என் தங்கச்சியையே அவனுக்குக் கட்டிவைத்தோம். எங்கள் இரண்டு பேருடைய அப்பாக்களும் அடுத்தவர் நிலத்தில் நாற்று நட்டவர்கள். கார் வாங்கிய அன்று என் அப்பா அதில் ஏறி உட்கார மறுத்துவிட்டார். கதவை ஒருமுறை திறந்து மூடிப் பார்த்துவிட்டு, “கெட்டியா கீது” என்று மட்டும் சொன்னார்.

எண்பதுகளின் கடைசியில் கம்பெனியில் ஸ்ட்ரைக் வந்தது. வருஷக்கணக்காக வேலை செய்த பலரை நிரந்தரம் செய்யாமலே வைத்திருந்தார்கள். மாப்பிள்ளையும் அவர்களில் ஒருவன். எனக்கு அதனால் ஆக வேண்டியது எதுவும் இல்லை. அவனை நினைத்துத்தான் மெஷினை நிறுத்திவிட்டு வெளியே வந்தேன். கம்பெனி வாசலுக்கு எதிரே கீற்றுப் பந்தல் போட்டு, முறை வைத்து உட்கார்ந்தோம். கிரைண்டிங் செக்‌ஷன்காரர் ஒருவர் சங்கச் செயலாளர். உயரமான ஆள், பெரிய குரல். பந்தலுக்குச் சோற்றுக் குண்டானை எங்கள் காரில்தான் கொண்டுபோவோம். மண்ணூர்பேட்டை திருப்பத்தில் சத்தம் கேட்டதுமே அவர் எழுந்து, “டாங்கி வந்துட்சிடா, இலையப் போடுங்க” என்று கத்துவார். பந்தலில் அந்தச் சத்தம் தெரியாத ஆளே கிடையாது.

ஸ்ட்ரைக் இழுத்துக்கொண்டே போனது. ஒருநாள் பந்தலில் மாப்பிள்ளை என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தான்.

“மச்சான், சும்மாதானே குந்திகினு கீறோம். வண்டிக்கு சைலன்சர மாத்திடலாமா?”

“இப்பவா? சாப்பாட்டுக்கே இழுத்துக்கோ பறிச்சுக்கோன்னு கீது.”

“சாமான் என் பொறுப்பு. புதுப்பேட்டையில தெரிஞ்ச ஆளு கீறான். நீ கைய மட்டும் வையி. ஒர்க்‌ஷாப்ல உட்டா தீட்டிடுவான்.”

ஞாயிற்றுக்கிழமை காலையில் ஆட்டோவில் வந்து இறங்கினான். கூடவே தங்கச்சியும் குழந்தையும். வெளியே நீட்டிக்கொண்டிருந்த பைப்பில் சிவப்புத் துணி கட்டியிருந்தது. புதுப்பேட்டையில் கிடைப்பதெல்லாம் பழைய வண்டிகளிலிருந்து கழற்றிய சாமான்கள். இதுவோ கறுப்புப் பெயின்ட் வாசனை போகாத புத்தம்புது செட்.

“இன்னா மாப்ளே, புதுசா கீது?”

“எவனோ வாங்கி வச்சு மாட்டாமலே வித்துட்டானாம். நம்ம நேரம் மச்சான்.”

நான் நம்பினேன். நம்பாமல் இருக்க எனக்கு ஒரு காரணமும் இல்லை.

வீட்டுக்குப் பின்னால் காலி இடத்தில் வண்டியை நிறுத்தினோம். ஜாக்கியை மட்டும் நம்பி அடியில் படுக்கக் கூடாது என்பதால், தூக்கிய பிறகு நான்கு பக்கமும் மரக்கட்டைகளை அடுக்கி முட்டுக் கொடுத்தோம். கோணியை விரித்து நான் உள்ளே நுழைந்தேன். எஞ்சினோடு பைப் சேரும் இடத்தில் நட்டும் போல்ட்டும் துருவேறி ஒன்றோடொன்று உருகி ஒட்டிக்கொண்ட மாதிரி இருந்தன. மண்ணெண்ணெய் ஊற்றி ஊறவிட்டு, டீ குடித்துவிட்டு வந்து திருகினேன். ஒன்று கழன்றது. இன்னொன்று அசையவே இல்லை. உளியை வைத்து மாப்பிள்ளை வெளியிலிருந்து அடிக்க, நான் ஸ்பேனரைப் பிடித்துக்கொண்டேன். கை தவறினால் என் விரல் போய்விடும். அப்படி ஒரு பயமே எனக்கு வரவில்லை. அவன் சுத்தி எங்கே விழும் என்று எனக்குத் தெரியும்.

நடுவில் இருந்த பழைய சைலன்சரை ரம்பப் பிளேடால் அறுத்தோம். பாதி அறுப்பதற்குள் அதுவே அப்பளம் மாதிரி நொறுங்கி என் முகத்தில் கொட்டியது. கண்ணுக்குள் துரு விழுந்து துடித்துப்போய் வெளியே வந்தேன். தங்கச்சி ஓடிவந்து என் தலையை மடியில் சாய்த்துக்கொண்டு, முந்தானை நுனியைத் தண்ணீரில் நனைத்துக் கண்ணைத் துடைத்தாள். ஊதினாள். “அவ்ளோதாண்ணா, வந்துட்சி, வந்துட்சி” என்றாள். சின்ன வயதில் நான் அவளுக்குச் செய்தது அது.

புதிய பைப்பை மாட்டுவதில் கஷ்டமான இடம் பின்பக்கம். பின்சக்கரங்களை இணைக்கும் இரும்புத் தண்டுக்கு மேலாக வளைத்துக் கொண்டுபோக வேண்டும். ஒருவன் பின்னாலிருந்து தள்ள, இன்னொருவன் அடியில் படுத்து வழி காட்ட வேண்டும். “தூக்கு. இன்னும். நில்லு. உன் பக்கம் திருப்பு.” இவ்வளவுதான் பேச்சு. பல வருஷம் பக்கத்துப் பக்கத்து மெஷினில் நின்றவர்களுக்கு இதற்கு மேல் தேவைப்படாது. எல்லாக் கிளாம்பையும் முதலில் தளர்வாகவே மாட்டி, பைப் எங்கேயும் பாடியில் இடிக்காமல் நேராக்கிய பிறகு, முன்னாலிருந்து பின்னால் ஒவ்வொன்றாக முறுக்கிக்கொண்டு வந்தேன். பைப்பைத் தொங்கவிடும் ரப்பர்களைப் பழைய டயரிலிருந்து நானே அறுத்து வைத்திருந்தேன்.

ஸ்டார்ட் செய்து, பைப்பின் வாயைத் துணியால் அடைத்துப் பார்த்தேன். எந்த இணைப்பிலும் புஸ் என்று காற்று வரவில்லை. அடுப்படியிலிருந்து என் மனைவி குரல் கொடுத்தாள்: “இன்னாங்க, இன்னும் ஸ்டார்ட் ஆவலயா?”

எல்லோரும் சிரித்தோம். மாப்பிள்ளை பானெட் மேல் கையை வைத்துக் கொஞ்ச நேரம் அப்படியே நின்றான். “ரோட்ல போறப்பவும் இப்டிதான் இருக்குமா மச்சான்?” என்று கேட்டான்.

“பின்னாடியே வந்து நின்னாலும் தெரியாதுடா” என்றேன். பெருமையாகத்தான் சொன்னேன். அன்றைக்குத் தங்கச்சி வறுத்த நெத்திலியை நான் இரண்டாம் முறை வாங்கிச் சாப்பிட்டேன்.

சில நாள் கழித்துத் தங்கச்சி தனியாக வந்தாள். “பூந்தமல்லில மாமியாருக்கு மூச்சு வாங்குதுண்ணா. டெய்லி ஆஸ்பத்திரிக்கு இட்டுகினு போவணும். வண்டி கொஞ்ச நாளு எங்க ஊட்டாண்ட நிக்கட்டுமா?” என்றாள். பேசும்போது குழந்தையின் சட்டைப் பித்தானைப் போட்டுக்கொண்டே இருந்தாள். சாவியைக் கொடுத்தேன். அந்தம்மாவுக்குக் குளிரும் என்று என் மனைவி அவள் பிறந்த வீட்டிலிருந்து கொண்டுவந்த நீலக் கம்பளியையும் மடித்துக் கொடுத்தாள்.

மாப்பிள்ளை பந்தலுக்கு வருவது குறைந்தது. அம்மாவைப் பார்த்துக்கொள்கிறான் என்று நானே எல்லோரிடமும் சொன்னேன். அதே சமயம் கம்பெனிக்குள்ளிருந்து மெஷின் ஓடும் சத்தம் வர ஆரம்பித்தது. யார் ஓட்டுகிறார்கள் என்று யாருக்கும் புரியவில்லை. வாசல் வழியாக ஒரு ஈ போகவில்லை. பின்பக்கச் சந்தில் கழிவு இரும்பு ஏற்றும் லாரிக்கான கேட் ஒன்று உண்டு. அதைப் பார்த்துக்கொள்ளவும் எங்கள் ஆட்கள் இருந்தார்கள். ஆனால் அவர்கள் சந்து முனையில் சீட்டாடிக்கொண்டிருப்பார்கள். லாரி சத்தம் கேட்டால் எழுந்து ஓடலாம் என்று இருந்தார்கள்.

மழை விட்ட ஒரு காலையில் நான் அந்தச் சந்துக்குள் இருந்த டீக்கடைக்குப் போயிருந்தேன். டம்ளரைக் கையில் வாங்கியபோது, தேங்கிய தண்ணீரை டயர் கிழிக்கும் சத்தம் மட்டும் கேட்டது. திரும்பினேன். எங்கள் கார். அதன் இடது மட்கார்டில் இருந்த நெளிசல் எனக்கு என் கை ரேகை மாதிரி. பின்கண்ணாடியை மறைத்து நீலக் கம்பளி தொங்கிக்கொண்டிருந்தது. பின்சீட்டில் ஆட்கள் தலையைக் குனிந்து ஒருவர்மேல் ஒருவராக ஒடுங்கியிருந்தார்கள். ஸ்டியரிங்கில் மாப்பிள்ளை, தலையில் துண்டு. என்னைப் பார்த்தான். ஒரு நொடி கண் நிலைத்தது. பிறகு கியரை மாற்றினான். ஹாரன் அடிக்காமலே கேட் திறந்தது, வண்டி உள்ளே போனது, கேட் மூடியது. சந்து முனையில் சீட்டாட்டம் நிற்கவே இல்லை.

“உன் வண்டி மாதிரி கீதே” என்றார் டீக்கடைக்காரர்.

“என் வண்டிதான்” என்றேன்.

அங்கிருந்து தங்கச்சி வீட்டுக்கு நடந்தே போனேன். மண்ணூர்பேட்டையில் ஒரு வரிசை வீட்டில் குடியிருந்தார்கள். பூந்தமல்லியில் மூச்சு வாங்கிக்கொண்டிருக்க வேண்டிய மாமியார், வாசலில் உட்கார்ந்து முருங்கைக்கீரை ஆய்ந்துகொண்டிருந்தாள். “வா நைனா, குந்து” என்றாள். அவளுக்கு ஒன்றும் தெரியாது என்று முகத்திலேயே தெரிந்தது. தங்கச்சி என்னைப் பார்த்ததும் சுவரோடு ஒட்டி நின்றாள்.

“உனக்குத் தெரியுமா?” என்று கேட்டேன்.

“அவர பெர்மனென்ட் பண்றேன்னு கம்பெனில சொல்லிகீறாங்கண்ணா. சூப்பர்வைசராவும் ஆக்குறாங்களாம்.”

“எப்ப சொன்னாங்க?”

நான் திரும்பவும் கேட்டேன்.

“சைலன்சர் மாத்துறதுக்கு முன்னாடியே. சைலன்சரே அவங்க வாங்கிக் குடுத்ததுதான்.”

என் தலையை மடியில் வைத்துக் கண்ணை ஊதியது நினைவுக்கு வந்தது. “அன்னிக்கு என் கண்ணுல துரு எடுத்தியே, அப்பவும் தெரியுமாம்மா?” என்று கேட்டேன். அவள் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு உள்ளே போனாள். அதற்கு மேல் எனக்குப் பதில் வேண்டியிருக்கவில்லை. ஆனாலும் சாயங்காலம்வரை அந்த வாசலில் உட்கார்ந்திருந்தேன்.

மாப்பிள்ளை வண்டியை நிறுத்திவிட்டு இறங்கினான். நான் இருப்பேன் என்று எதிர்பார்த்த மாதிரிதான் வந்தான்.

“உனக்காகத்தாண்டா நான் வெளிய வந்து குந்தினேன்” என்றேன். இன்னும் நிறைய யோசித்து வைத்திருந்தேன். வாயில் வந்தது இதுதான்.

“நான் கேட்டனா மச்சான்?” என்றான். குரலை உயர்த்தவில்லை. “நீ பெர்மனென்ட். இன்னிக்கு வெளிய குந்துவ, நாளைக்கு உள்ள போவ. என் கதை அப்டியா? இந்த ஸ்ட்ரைக் பிச்சிக்கினு போச்சின்னா மொதல்ல தெருவுக்கு வர்றது நானு.”

“என்கிட்ட சொல்லியிருக்கலாமே.”

“சொன்னா சைலன்சர் மாட்டிக் குடுத்திருப்பியா?”

சாவியை அவன் கையிலிருந்து பிடுங்கிக்கொண்டு வண்டியைச் சேக்காட்டுக்கு ஓட்டி வந்தேன். வழியெல்லாம் அது சத்தமில்லாமல் வந்தது. வீட்டில் சொன்னதும் என் மனைவி முதலில் கேட்டது கம்பளியைத்தான். மறுவாரம் தங்கச்சி வீட்டு வாசலில் நின்று, உள்ளே நுழையாமலே கேட்டு வாங்கிக்கொண்டு வந்தாள். வாங்கி வந்ததைத் துவைத்துத் துவைத்து நிறமே வெளுத்துவிட்டது.

வண்டியை ஓட்டி வந்த மறுநாள் காலை, எல்லாவற்றையும் செயலாளரிடம் சொல்லிவிடுவது என்று பந்தலுக்குப் போனேன். எனக்கு முன்பே செய்தி போயிருந்தது. டீக்கடையிலிருந்து ஒருவன் ஓடிவந்து சொல்லியிருக்கிறான். நான் மண்ணூர்பேட்டையை விட்டுக் கிளம்பிய பிறகு, முந்தின நாள் சாயங்காலமே சங்கத்து ஆட்கள் மாப்பிள்ளை வீட்டுக்குப் போயிருக்கிறார்கள். அவன் சொன்ன பதிலைச் செயலாளர் எல்லோர் முன்னாலும் என்னிடம் திருப்பிச் சொன்னார்: “வண்டி நிக்கிறது மச்சான் ஊட்ல. நான் வெறும் டிரைவரு. எதா இருந்தாலும் அவரக் கேளுங்க. இப்டிச் சொன்னாம்ப்பா உன் மாப்ள.”

இதைக் கேட்டதும் பந்தல் காலைப் பிடித்துக்கொண்டேன்.

“அண்ணே, எனக்கு நேத்துதான் தெரியும்.”

“டாங்கி வாய அடச்சது யாரு?”

“நான்தான். ஆனா—”

“ஸ்ட்ரைக் நேரத்துல, சோத்துக்கு வழியில்லாதப்ப, வண்டிக்குப் புது சைலன்சர் எங்கேர்ந்துப்பா வந்துது?”

புதுப்பேட்டை என்றேன். அந்த வார்த்தை என் காதுக்கே பொய்யாகக் கேட்டது. நடந்ததை ஒன்று விடாமல் சொன்னேன். ஆட்டோவில் வந்தது, மாமியார் கதை, எல்லாம். சிலர் தரையைப் பார்த்தார்கள். தங்கச்சி புருஷன் செய்வது அண்ணனுக்குத் தெரியாதா என்று பின்னாலிருந்து யாரோ சிரித்தார்கள். யாரும் என்மேல் கை வைக்கவில்லை. நான் பாயில் உட்கார்ந்ததும் அந்தப் பாயில் இருந்தவர்கள் எழுந்து வேறு பாய்க்குப் போனார்கள். மத்தியானம் சோறு போட்டபோது என் முன்னால் இலை விழவில்லை.

அதற்குள் உள்ளே போனவர்களைக் கம்பெனி அங்கேயே தங்கவைத்துச் சாப்பாடும் போட ஆரம்பித்தது. எங்கள் கார் இனி அவர்களுக்குத் தேவைப்படவில்லை. கொஞ்ச நாளில் ஸ்ட்ரைக் உடைந்தது. பாதிப் பேரைத் திரும்ப எடுத்தார்கள், செயலாளரை எடுக்கவில்லை. திரும்ப எடுத்தவர்களில் என்னை முதல் நாளே கூப்பிட்டார்கள். மாப்பிள்ளை சொல்லி நடந்ததா, என் வேலைக்காகக் கூப்பிட்டார்களா, இன்றுவரை தெரியாது. ஆனால் சந்தேகப்பட்டவர்களுக்கு அது போதுமான சாட்சியாகிவிட்டது. உள்ளே போனால் சூப்பர்வைசர் சட்டையில் அவன் நிற்கிறான். “வா மச்சான்” என்கிறான், ஒன்றுமே நடக்காத மாதிரி. அந்த வாரமே விலகிக்கொண்டேன். பூந்தமல்லிப் பக்கம் ஒரு சின்னப் பட்டறையில் வேலை கிடைத்தது. காரைத் திருவள்ளூர்க்காரர் ஒருவருக்கு விற்றோம். ஓட்டிப் பார்த்தவர், “எஞ்சின் ஓடுதான்னே தெரியலியே” என்று சந்தோஷப்பட்டார்.

உறவை அறுத்துக்கொள்ள முடியவில்லை. அப்பா செத்தபோது மாப்பிள்ளை பாடையின் ஒரு மூலையைத் தூக்கினான், அடுத்த மூலையை நான் தூக்கினேன். தங்கச்சி விசேஷங்களுக்கு வருவாள், அடுப்படியில் உதவி செய்வாள், என் கண்ணைப் பார்க்காமல் பேசுவாள். செயலாளரை ஒருமுறை அம்பத்தூர் ஸ்டேஷன் பிளாட்பாரத்தில் பார்த்தேன். நான் ஏறவிருந்த பெட்டியில் கால் வைத்தவர், என்னைக் கண்டதும் இறங்கி அடுத்த பெட்டிக்குப் போய்விட்டார்.

தொண்ணூறுகளின் நடுவில் அந்தக் கம்பெனியையே மூடிவிட்டார்கள். நிரந்தரம், சூப்பர்வைசர் எல்லாம் அதோடு போயிற்று. கொஞ்ச மாதம் கழித்து மாப்பிள்ளை சேக்காட்டுக்கு வந்தான். முன்மண்டை வழுக்கையாகி, ஆள் இளைத்திருந்தான். காபி கொடுத்தோம்.

“உங்க பட்டறைல ஒரு வார்த்த சொல்லிப் பாரேன் மச்சான்.”

“சொல்றேன். நீ ஒண்ணு பண்ணு. நம்ம சங்கச் செயலாளரு இப்ப அம்பத்தூர்லதான் கீறாராம். நானும் கூட வரேன். அன்னிக்கு மச்சானுக்கு ஒண்ணும் தெரியாதுன்னு மட்டும் அவருகிட்ட சொல்லிடு.”

அவன் டம்ளரைப் பார்த்துக்கொண்டிருந்தான். “எவ்ளோ வருஷமாச்சு. அவங்களுக்கெல்லாம் ஞாபகமே இருக்காது மச்சான்.”

“எனக்குக் கீது.”

“இப்ப போயி அதச் சொன்னா என் மூஞ்ச எங்க வச்சிக்கிறது? புள்ளைங்கெல்லாம் பெருசாய்டுச்சி” என்றான். யோசித்துச் சொல்கிறேன் என்று கிளம்பிப் போனான். பிறகு வரவில்லை. பூந்தமல்லியில் ஒரு ஸ்கூல் வேன் ஓட்டுவதாகத் தங்கச்சி சொன்னாள்.

அவன் வர மாட்டான் என்று தெரிந்த பிறகு ஒரு ஞாயிற்றுக்கிழமை நானே போனேன். செயலாளர் ஓர் ஓட்டு வீட்டின் முன்பக்கத்தில் சைக்கிள் கடை வைத்திருந்தார். டியூப்பைத் தண்ணீரில் அழுத்திக் காற்றுக் குமிழியைத் தேடிக்கொண்டிருந்தவர், என்னைப் பார்த்ததும் கையை எடுத்துத் துடைத்துக்கொண்டார். நான் நின்றபடியே முதலிலிருந்து சொல்ல ஆரம்பித்தேன். ஆட்டோ, சிவப்புத் துணி கட்டிய பைப் என்று பாதி வந்திருப்பேன்.

“எனக்கு அப்பவே தெரியும்ப்பா” என்றார்.

எனக்குப் புரியவில்லை.

“அன்னிக்குப் பந்தலாண்ட நீ பேசுனப்பவே தெரியும். பொய் சொல்ற ஆளு அப்டி ஒண்ணொண்ணா சொல்ல மாட்டான்.”

“அப்ப ஏண்ணே மத்தவங்ககிட்ட சொல்லல?”

அவர் டியூப்பை மறுபடி கையில் எடுத்தார். “உன் மாப்ள கம்பெனிக்குள்ள கீறான், அவனத் தொட முடியாது. பசங்க கொதிச்சிப்போய் நின்னாங்க. நாம தோத்துகினு இருந்தோம். யாரையாவது காட்டணும். நீ ஒருத்தன்தான் எதிர்ல வந்து நின்ன.”

உள்ளிருந்து அவர் மனைவி எட்டிப் பார்த்தாள். “குந்துப்பா, டீ சொல்றேன்” என்றார் அவர். வேண்டாம் என்றேன். தெருவில் இறங்கிக் கொஞ்ச தூரம் போன பிறகுதான், என் சட்டைக் காலர் கண்ணீரில் நனைந்திருப்பதைக் கவனித்தேன். நடந்தே ஸ்டேஷனுக்குப் போய், ஆவடி ரயில் வரும்வரை பெஞ்சில் உட்கார்ந்திருந்தேன். வீட்டில் யாரிடமும் சொல்லவில்லை. என் மனைவி கேட்டதற்கு, ஆள் ஊரில் இல்லை என்று சொல்லிவிட்டேன்.